நுரைப் பாதரட்சையின் நாற்றமும் அது நீங்கும் வகையும்

‘நாற்றம்’ என்னும் சொல் பண்டு நறுமணம் தீமணம் ஆகிய இரண்டிற்கும் பொதுவாய் நின்றது. திருவள்ளுவர் ஐம்புலன்களை எண்ணுமிடத்து மூக்கிற்குரிய புலனை இச்சொல்லாலேயே குறித்துள்ளார். இன்றோ அச்சொல்லைக் கேட்ட மாத்திரத்தில் கை தானே மூக்கிற்குச் செல்கின்றது. இங்ஙனம் சொல்லொன்று தன் உயர்ந்த பொருளை இழந்து தாழ்ந்த பொருளில் நிலைத்துவிடுதலை மொழிநூலார் இழிபொருட்பேறு என்பர். யான் இக்கட்டுரைக்கு எடுத்துக்கொண்டது அச்சொல்லின் இன்றைய பொருளையே. அதிலும் மாணவர் விடுதிகளின் அறைவாயில்தோறும் வரிசையாய்க் கிடக்கும் நுரைப் பாதரட்சைகளினின்று எழும் நாற்றத்தையே. இப்பொருள் கல்லூரி ஆண்டு மலருக்கு ஏற்றதன்று என முகஞ்சுளிப்பாரும் சிலர் இருத்தல் கூடும். அன்னார் தத்தம் பாதரட்சையை ஒருமுறை முகர்ந்து பார்த்துவிட்டுப் பின்னர் மேலே படிப்பாராக.

செருப்பிற்குத் ‘தொடுதோல்’ என்பது பழந்தமிழ்ப் பெயர்களுள் ஒன்று. தொடுதலாவது ஈண்டு அணிதல். அணியும் தோல் எனப் பொருள்படும். யாம் கூறும் பாதரட்சையில் தோல் ஓரணுவும் இல்லை. நூலும் இல்லை, தையலும் பெரும்பாலும் இல்லை. அச்சில் நுரையாக வார்த்து எடுக்கப்பெற்ற ஒரே பிண்டம் அது. மேற்புறத்தே துளைகள், குதிகாலைத் தழுவும் ஒரு வார், அடியிலே கால் பதியுமிடத்தில் சிறுசிறு குமிழ்கள், இவையே அதன் உறுப்புக்கள். அமெரிக்காவில் கொலராடோ மாநிலத்தைச் சேர்ந்த ஸ்காட் சீமன்ஸ், லிண்டன் ஹான்சன், ஜார்ஜ் போடெக்கர் என்னும் மூவர் 2002-ஆம் ஆண்டில் ‘க்ராக்ஸ்’ என்னும் பெயரிட்டு இதனை விற்கத் தொடங்கினர். நுரையைச் செய்து கொடுத்தது கனடா நாட்டில் கியூபெக்கிலிருந்த ஃபோம் கிரியேஷன்ஸ் என்னும் கம்பெனி. அதனையும் 2004-இல் க்ராக்ஸ் நிறுவனத்தாரே விலைக்கு வாங்கிக்கொண்டனர். பாதரட்சை முதன்முதல் மக்கள் கண்ணிற் பட்டது ஃபிளாரிடாவில் நிகழ்ந்த படகுக் கண்காட்சி ஒன்றில். படகில் நிற்பவனுக்கு வேண்டுவன யாவும் இதன்கண் இருந்தன: நீரில் மிதக்கும், நனைந்த பலகையில் எளிதில் வழுக்காது, கழுவினால் விரைவில் உலரும். பின்னர்ச் செவிலியரும் சமையற்கூடத்தில் நாள் முழுதும் நிற்போரும் இதனை விரும்பி அணியலாயினர். இப்பொழுது பெயர்பெற்ற கம்பெனிகள் செய்வதும், நடைபாதைக் கடையில் குவித்து விற்பதும் உருவில் ஏறத்தாழ ஒன்றே.

இந்நுரையின் இயல்பை அறியாமல் அதன் நாற்றத்தை நீக்க முயல்வது, நோய் நாடாமல் மருந்து கொடுப்பதை ஒக்கும். ஆதலின் அதனைச் சிறிது விரித்துக் கூறுவேன்.

எத்திலீன் வினைல் அசிட்டேட் என்னும் செயற்கைப் பொருளை உருக்கி, அதனுள்ளே வாயு தோன்றச் செய்து பொங்கவைத்தால் நுரை உண்டாகின்றது. க்ராக்ஸ் நிறுவனத்தார் தம் நுரைக்குத் தனிப்பெயர் சூட்டியுள்ளனர் எனினும் இனம் ஏறத்தாழ இதுவே. நுரையில் இருவகை உண்டு. ஒன்று, கண்ணறைகள் ஒன்றோடொன்று திறந்து கிடப்பது. தட்டுக் கழுவும் பஞ்சு அத்தகையது. நீரில் இட்டால் உள்ளெல்லாம் குடித்துக் கனத்துவிடும். மற்றொன்று, ஒவ்வொரு கண்ணறையும் தனித்தனியே மூடப்பட்டிருப்பது. தேனடையின் அறைகளை மெழுகிட்டு அடைத்தாற் போன்றது. பாதரட்சையின் நுரை இவ்விரண்டாம் வகை. நீர் அதன் மேலே நிற்குமேயன்றி உள்ளே புகாது.

இதனால் ஒரு நன்மையும் ஒரு தீமையும் ஒருங்கே விளைகின்றன. தோற்செருப்போ துணிக்காலணியோ பகலில் காலின் வியர்வையைத் தான் உறிஞ்சி வைத்துக்கொண்டு, இரவில் காற்றிற்கு விட்டுவிடும். நுரையோ ஒரு துளியையும் ஏற்பதில்லை. வியர்வை போக்கிடமின்றி உள்ளங்காலுக்கும் நுரைக்கும் இடையே தேங்கி நிற்கின்றது. மேலேயுள்ள துளைகள் விரல்களுக்குக் காற்றூட்டுமேயன்றி, மிதித்து நிற்கும் அடிப்பாகத்திற்கு உதவுவதில்லை. இது தீமை. நன்மையாவது, அழுக்கும் உள்ளே போகாமை. துணிக்காலணியில் நாற்றம் நூலுக்குள் ஊறிக்கிடக்கும். நுரையில் அது பெரும்பாலும் மேற்பரப்பில் படிந்த ஒரு மெல்லிய ஏட்டிலேயே தங்கும். அந்த ஏட்டைக் களைந்தால் நாற்றமும் களையப்படும். இக்கட்டுரையின் கருத்து முழுவதும் இவ்வொன்றில் அடங்கும். இனிச் சொல்வன எல்லாம் இதன் விரிவே.

நிற்க. நாற்றம் எங்கிருந்து வருகின்றது? வியர்வையினின்று என்பர் பலர். அது முழு உண்மையன்று. உள்ளங்காலில் வியர்வைச் சுரப்பிகள் மிக நெருங்கி அமைந்துள்ளன. ஒரு சதுர சென்டிமீட்டரில் பல நூறு உள. ஆயினும் அவை சுரப்பது நீரும் உப்பும் வேறு சில பொருள்களின் சிற்றளவுமே. அக்குளில் உள்ள மற்றொரு வகைச் சுரப்பி காலில் இல்லை. அப்பொழுதே சுரந்த கால்வியர்வைக்கு மணம் என்று சொல்லத்தக்கது ஒன்றுமில்லை. நாற்றத்தைச் செய்வன அங்கே குடியிருக்கும் நுண்ணுயிர்கள். உள்ளங்காலின் தடித்த தோல் இடையறாது செதிலாய் உதிர்கின்றது. அது நனைந்து ஊறினால் அவற்றிற்கு விருந்து. அவ்விருந்துண்ட கழிவே நம் மூக்கை எட்டுகின்றது.

இக்கழிவுகளுள் தலைமையானது ஐசோவலெரிக் அமிலம். நம் எல்லோர் தோலிலும் இயல்பாக வாழும் ஸ்டாஃபிலோகாக்கஸ் எப்பிடெர்மிடிஸ் என்னும் பாக்டீரியா, வியர்வையில் உள்ள லியூசின் என்னும் பொருளைச் சிதைத்து இவ்வமிலத்தை உண்டாக்குகின்றது என்பதை ஜப்பானிய ஆராய்ச்சியாளர் சிலர் 2006-ஆம் ஆண்டில் வெளியிட்ட கட்டுரையில் விளக்கினர். பிரெவிபாக்டீரியம் என்னும் மற்றோர் இனம் கந்தகம் கலந்த ஆவியை எழுப்புகின்றது. இதே இனத்தைக் கொண்டுதான் ஐரோப்பாவில் லிம்பர்க் என்னும் பகுதியின் பெயர் பெற்ற பாலாடைக்கட்டியைப் பக்குவப்படுத்துகின்றனர். அக்கட்டி கால்நாற்றம் உடையது என்று ஐரோப்பியரே நகையாடுவர். நகையாடிக்கொண்டே ரொட்டியில் வைத்து உண்பர். ஆப்பிரிக்காவில் மலேரியாவைப் பரப்பும் ஒருவகை அனாபிலிஸ் கொசு மனிதனின் பாதத்தையும் கணுக்காலையும் நாடிக் கடிப்பதைக் கண்ட பார்ட் நோல்ஸ் என்னும் டச்சு அறிஞர், அக்கொசு இக்கட்டியின் மணத்தையும் நாடி வருவதை 1996-இல் காட்டினார். முதலில் சிரிக்கவும் பின்னர்ச் சிந்திக்கவும் செய்யும் ஆராய்ச்சிகளுக்கு வழங்கப்பெறும் இக் நோபெல் பரிசு 2006-இல் இதற்குக் கிடைத்தது. கால்நாற்றம் மனிதர்க்கு வெறுப்பாயினும் கொசுவிற்கு அழைப்பிதழ் ஆகின்றது!

ஆகவே நாற்றத்திற்கு வேண்டுவன மூன்று: ஈரம், உதிர்ந்த தோல், நுண்ணுயிர். மூன்றாவதனை முற்றும் ஒழித்தல் இயலாது. அவை நம் உடலின் நிலையான குடிகள். முதல் இரண்டையும் நம்மால் நீக்க இயலும். ஈரம் நீங்கினால் நுண்ணுயிர் உறங்கிக் கிடக்கும். உணவு நீங்கினால் பெருகாது.

ஈண்டு ஒன்று கூறாது செல்ல மனம் ஒருப்படவில்லை. விடுதிகளில் ஒருவன் காலணி நாறினால் அவனைக் குளியாதவன் என்று பட்டப்பெயர் இட்டு அழைக்கும் வழக்கம் உண்டு. அறை வாயிலில் கிடக்கும் பாதரட்சையைக் காலால் எற்றி மாடிப்படியில் தள்ளுவாரும் உளர். அங்ஙனம் இகழப்பட்டவன் பெரும்பாலும் ஒரே இணை பாதரட்சை உடையவனாய் இருப்பான். வகுப்பிற்கும் அதுவே, குளியலறைக்கும் அதுவே, ஊருக்குப் பேருந்தேறும்பொழுதும் அதுவே. அவன் குளிப்பது குறைவாலன்று, மிகுதியாலேயே நாற்றம் வருதல் கூடும் என்றால் வியப்பீர்கள். நாளைக்கு இருமுறை குளித்து, இருமுறையும் ஈரக்காலைத் துடையாமல் நுரைக்குள் நுழைத்து அறைக்கு நடந்து வருபவன், நாளைக்கு இருமுறை நுண்ணுயிர்களுக்கு நீர் பாய்ச்சுகின்றான். தன் பாதரட்சை நாறுவதை அவன் அறியாததும் நாணமின்மையன்று. இடைவிடாது ஒரே மணத்திற் பழகிய மூக்கு அம்மணத்தை உணர்வதை விட்டுவிடும். பிறர் மூக்கே நமக்குத் துணை. அத்துணையை நட்புடையோர் தனியே அழைத்துச் சொல்வர். அல்லாதார் மாடிப்படியில் எற்றுவர்.

இனி நீக்கும் வகையைப் பார்ப்போம். முதலாவதும் முடிவானதும் கழுவுதலே. வெதுவெதுப்பான நீர், சிறிது பாத்திரந் துலக்கும் சோப்புத் திரவம், பழைய பல் தூரிகை ஒன்று, இம்மூன்றும் போதும். கால் பதியும் குமிழ்களுக்கு இடையேயும், விரல் மறையும் முன்பாகத்தின் உட்கூரையிலும், வார் பொருந்தும் மூட்டின் அடியிலும் தேய்த்தல் வேண்டும். பெரும்பாலோர் புறத்தே பளபளவென்று கழுவிவிட்டு அகத்தே நீரூற்றிக் கவிழ்த்துவிடுகின்றனர். நாற்றம் இருப்பது அகத்தே. உப்புநீர்க் கிணறும் ஆழ்குழாய்க் கிணறும் உள்ள இடங்களில் சாதாரண சோப்புக் கட்டி நன்கு நுரையாமல், நீரிலுள்ள சுண்ணச் சத்தோடு கூடி வெண்மையான கசடாகப் படியும். அக்கசடு குமிழ்களுக்கிடையே ஒட்டிப் புதிய ஏடாகிவிடும். ஆதலின் அத்தகைய ஊர்களில் சோப்புத் திரவமோ துணி துவைக்கும் பொடியின் மெல்லிய கரைசலோ ஏற்றது. எதனை இடினும் வழவழப்பு அற்றுப்போகும்வரை நல்ல நீரில் அலசுக.

கழுவிய பின் உலர்த்துதலே பாதி வேலை. உதறி, பழந்துணியால் உட்புறம் துடைத்து, வாரைப் பிடித்துக் கொடியில் தொங்கவிட்டால், நீர் மூலையில் தங்காமல் வடிந்துவிடும். நிழலும் காற்றும் போதும். நண்பகல் வெயில் வேண்டா. இந்நுரை கொதிநீரின் வெப்பத்திற்கு மிகக் கீழேயே இளகும் இயல்பினது. சித்திரை மாதத்து மொட்டைமாடியிலும், கண்ணாடி மூடிய காருக்குள்ளும் விட்ட பாதரட்சை மாலையில் ஒரு விரற்கடை குறுகியிருக்கும். ஒன்பதாம் எண் எட்டாம் எண்ணாகும். கொதிநீரில் இட்டுக் கிருமி நீக்குவோர் பாதரட்சையையே நீக்கிவிடுவர். காலை இளவெயிலில் சிறிது நேரம் வைத்தெடுப்பதால் குற்றமில்லை.

ஆப்ப சோடாவைத் தூவுதல் யாவரும் அறிந்த முறை. அது ஏன் பயன் தருகின்றது என்பதைப் பலர் அறியார். ஐசோவலெரிக் அமிலம் ஆவியாய்க் காற்றிற் கலப்பதனாலேயே நாம் அதனை முகர்கின்றோம். ஆப்ப சோடா காரத்தன்மை உடையது. அமிலமும் அதுவும் கூடினால் கரியமிலவாயுவும் நீரும் ஓர் உப்பும் உண்டாகும். உப்பு ஆவியாகாது, ஆகவே மூக்கை எட்டாது. இரசாயன நூலாரின் அழகிய கணக்கு இது. ஆனால் சோடா, இருக்கும் அமிலத்தை அடக்குமேயன்றி, நாளை அமிலம் செய்யவிருக்கும் பாக்டீரியாவை ஒழிப்பதில்லை; படிந்த தோலையும் அகற்றுவதில்லை. கழுவாத பாதரட்சையில் சோடாத் தூவுவது, குப்பையின்மேல் சுண்ணாம்பு தெளிப்பது போலாம். கழுவி உலர்ந்த பின் இரவில் ஒரு கரண்டி தூவிவைத்து, காலையில் நன்கு தட்டி எடுத்துவிட்டு அணிக. தட்டாமல் அணிந்தால் வியர்வையிற் கரைந்து தோலை உறுத்தும். சலவைச் சோடா வேறு, ஆப்ப சோடா வேறு என்பதை மறவற்க. முன்னது தோலைப் புண்ணாக்கும்.

வினிகர் மற்றொரு முறை. ஒரு பங்கு வினிகருக்கு இரண்டு மூன்று பங்கு நீர் கலந்து, அதில் கால்மணி நேரம் ஊறவிட்டு அலசுவர். அமிலநாற்றத்திற்கு அமிலமே மருந்தாவது எப்படி என ஐயுறலாம். வினிகர் அந்நாற்றத்தை அடக்குவதில்லை. நாற்றம் செய்யும் பாக்டீரியாக்கள் பல புளிப்பு மிகுந்த இடத்தில் தழைப்பதில்லை, அவ்வளவே. வினிகரின் சொந்த மணமோ காற்றில் எளிதிற் போய்விடும். ஆகச் சோடா விளைவை மாற்றுகின்றது. வினிகர் காரணத்தைத் தாக்குகின்றது. இரண்டும் நல்லவையாயின் இரண்டையும் கலந்தால் இருமடங்கு நன்மை அன்றோ என்று கருதிப் பலர் ஒரே பாத்திரத்தில் ஊற்றுகின்றனர். சளசளவென்று நுரை பொங்குவதைக் கண்டு மருந்து வேலை செய்கின்றது என மகிழ்கின்றனர். அங்கே நிகழ்வது காரமும் அமிலமும் ஒன்றையொன்று அழித்துக்கொள்ளுதல். எஞ்சுவது ஏறக்குறைய உப்புநீரே.

அதனினும் கொடியது, வினிகரைப் பிளீச்சிங் பவுடர்க் கரைசலோடு கலத்தல். நச்சுவாயுவாகிய குளோரின் அதனின்று எழும். மூடிய குளியலறையில் அது உயிருக்கே ஊறு செய்யும். பிளீச்சிங் கரைசலைத் தனியே, மிக மெலிதாக்கி, வெண்ணிறப் பாதரட்சைக்குச் சிறிது நேரம் பயன்படுத்தலாம், வண்ணமுடையவை வெளுக்கும். மருந்துக்கடை ஸ்பிரிட்டைப் பஞ்சில் நனைத்துத் துடைப்பதும் நல்லதே. அடுப்பும் விளக்கும் இல்லாத இடத்தில் செய்க.

குளிர்ப்பெட்டியின் உறைபனி அறையில் ஓர் இரவு வைத்தால் கிருமி செத்துவிடும் என்பது இக்காலத்து மூடநம்பிக்கைகளுள் ஒன்று. பாக்டீரியாக்களுட் பல உறைகுளிரில் மாள்வதில்லை, உறங்குகின்றன. காலின் சூடு பட்டதும் விழித்தெழுந்து விட்ட இடத்தில் தொடங்குகின்றன. ஐஸ்கிரீமுக்கு அருகே பாதரட்சையை வைப்பதால் விளையும் உறவுக்கேடு தனி. அந்துருண்டையை உள்ளே இடுவோரும் உண்டு. அதன் ஆவி உடலுக்குத் தீங்கு. ஒரு நாற்றத்தை மற்றொரு நாற்றத்தால் மறைப்பதே அங்கு நிகழ்வது.

வாசனைத் தெளிப்பான்களைப் பற்றியும் அதே தீர்ப்பைத் தர எண்ணினும், ஒரு விலக்கு உண்டு. முற்கூறிய ஜப்பானிய ஆராய்ச்சியாளர், சிட்ரால், ஜெரானியோல் முதலிய நறுமணப் பொருள்கள் பாக்டீரியாவை முற்றும் கொல்லாத அளவிலும் ஐசோவலெரிக் அமிலம் உண்டாவதைக் குறைத்ததைக் கண்டனர். எலுமிச்சைப்புல்லின் எண்ணெயில் மிகுதியாய் இருப்பது இந்தச் சிட்ரால். ஆகவே நறுமணங்கள் யாவும் வெறும் போர்வையல்ல. ஆயினும் கழுவிய பாதரட்சைக்குப் பின்னரே அவற்றிற்கு இடம்.

சில பாதரட்சைகள் எத்துணைக் கழுவினும் நாறுகின்றனவே என்பர். காரணம் மூன்று காண்கின்றேன். குளிர்காலத்திற்கென உட்புறம் கம்பளி போன்ற மயிர் ஒட்டிய வகை உண்டு. நுரை நீரைக் குடியாது, மயிர் குடிக்கும். அதனை நுரையென்று கருதாமல் துணியென்று கருதிப் பலமுறை அலசி, இரண்டு மூன்று நாள் உலர்த்துதல் வேண்டும். அடுத்தது, நெடுநாள் அணிந்து குதிகால் தேய்ந்த பாதரட்சை. அங்கே வழவழப்பான மேற்றோல் உரிந்து, மூடியிருந்த கண்ணறைகள் உடைந்து திறந்து கிடக்கும். தூரிகை நுழையாத அச்சிறு குழிகள் அழுக்கின் கோட்டைகள். அத்தகையதற்கு விடை கொடுப்பதே தக்கது. மூன்றாவது, ஆவியாகும் பொருளில் மிகச் சிறிது நுரையின் பொருளிலேயே கலந்துவிடுதல். அது கழுவினாற் போகாது. இரண்டொரு நாள் காற்றாட விட்டாற் போகும். புதிதாய் வாங்கிய பாதரட்சையின் மருந்து நெடியும் நுரை வார்க்கும்பொழுது எஞ்சிய பொருள்களினின்று எழுவது. அதற்கும் காற்றே மருந்து.

பாதரட்சையை எத்துணை தூய்மை செய்யினும் அதனுள் புகும் கால் தூய்மையற்றதாயின் பயன் இல்லை. குளிக்கும்பொழுது நீர் காலில் வழிந்தோடுவதைக் கால் கழுவியதாகக் கொள்ளலாகாது. விரலிடுக்குகளில் சோப்பிட்டுத் தேய்த்து, குதிகாலின் தடித்த தோலைக் கல்லால் மெல்லத் தேய்த்து, பின்னர்த் துண்டின் நுனியால் ஒவ்வோர் இடுக்கையும் துடைத்தல் வேண்டும். இத்துடைத்தலுக்கு அரை நிமிடம் செல்லும். அவ்வரை நிமிடத்தைச் சேமித்து நாம் செய்யும் அரும்பெருங் காரியம் யாதோ அறியேன். வியர்வை மிக்க காலுக்குப் படிகாரம் கரைத்த நீரில் சிறிது நேரம் காலை வைத்தெடுப்பதும் உதவும். தோலைத் துவர்ப்பிக்கும் அதன் இயல்பை முடிதிருத்துவோர் நெடுங்காலமாக அறிவர். பருத்திக் காலுறை அணிவோர்க்கு, நுரை ஏலாத வியர்வையைக் காலுறை ஏற்கும்; அன்றன்று மாற்றினாலன்றி அதுவே நாற்றத்தின் இருப்பிடமாகிவிடும்.

நூல்களும் விளம்பரங்களும் ஒருவாய்ப்படக் கூறும் அறிவுரை, இரண்டு இணை வைத்துக்கொண்டு நாள்விட்டு நாள் மாற்றி அணிக என்பது. தக்க அறிவுரைதான், இரண்டு இணை வாங்க வல்லார்க்கு. ஓரிணையே உடையானுக்கு அது உண்ண உணவில்லாதவனுக்குப் பத்தியம் சொன்னது போலாகும். அவனுக்கு இந்நுரையின் இயல்பே கைகொடுக்கின்றது. துணிக்காலணியைக் கழுவினால் இரண்டு நாள் வெறுங்காலொடு நிற்க வேண்டும். நுரையோ நீரைக் குடியாதாதலின், இரவு படிப்பை முடித்தபின் ஐந்து நிமிடத்திற் கழுவித் துடைத்து மின்விசிறியின் கீழே தொங்கவிட்டால் விடியற்காலையில் உலர்ந்திருக்கும். ஐப்பசி கார்த்திகை அடைமழையிலும் இது தவறுவதில்லை. வாரம் இருமுறை இங்ஙனம் செய்து, மற்ற இரவுகளில் ஈரத்துணியால் உட்புறம் துடைத்துக் காற்றாட வைப்பவனுக்கு இரண்டாம் இணை இன்றியமையாததன்று. கட்டிலுக்கு அடியில், சுவரோரத்தில், ஒன்றன்மேல் ஒன்றாகத் திணித்துவைப்பதை மட்டும் விடுதல் வேண்டும். காற்றுப் புகாத இடத்தில் ஈரம் விடியும்வரை அப்படியே இருக்கும்.

இவ்வளவும் செய்து இரண்டு மூன்று வாரம் கழிந்த பின்னும் நாற்றம் நீங்கவில்லையாயின், பாதரட்சையை விட்டுக் காலைப் பார்க்க வேண்டும். உள்ளங்காலில் ஊசியாற் குத்தினாற் போன்ற சிறு குழிகள் காணப்படின் அது ஒருவகைப் பாக்டீரியா தோலைத் தின்பதன் அடையாளம். விரலிடுக்கு வெளுத்து ஊறி அரித்தால் அது பூஞ்சையால் வரும் சேற்றுப்புண். இரண்டிற்கும் மருத்துவரிடம் எளிய பூச்சுமருந்து உண்டு. சோடாவால் அவை தீரா.

இறுதியாக, காலில் உணர்ச்சி குன்றியோரைப் பற்றிச் சில சொற்கள். நுரைச் செருப்பிற்கும் நம் நாட்டிற்கும் உள்ள தொடர்பு க்ராக்ஸிற்கு மிக முந்தியது. வேலூர்க் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு 1946-இல் வந்த அறுவை மருத்துவர் பால் பிராண்ட் என்பார், தொழுநோயாளரின் கால்கள் அழிவது பெரும்பாலும் நோயினால் நேரே அன்று, வலியை உணராமல் புண்மேல் நடப்பதனால் என்று கண்டார். அவரும் அவருடன் உழைத்தோரும் 1950-க்குப் பிந்திய ஆண்டுகளில், நுண்ணிய கண்ணறைகள் நிறைந்த மெத்தென்ற ரப்பரால் செருப்புச் செய்து அணிவித்தனர்; பாதத்தின் அழுத்தம் ஓரிடத்தே குவியாமல் பரவியது; புண்கள் குறைந்தன. வேலூருக்கு அருகிலுள்ள கரிகிரி மருத்துவமனையிலும் இப்பணி தொடர்ந்தது. தொழுநோய் இன்று மருந்தால் தீர்கின்றது. ஆனால் உணர்ச்சியற்ற கால்கள் நம் வீடுகளில் பெருகியுள்ளன, காரணம் நீரிழிவு. 2023-இல் வெளியான இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் ஆய்வு, இந்நாட்டில் நீரிழிவுடையோர் 10 கோடிக்கு மேற்பட்டோர் எனக் கணக்கிட்டது. மெத்தென்று இருப்பதனால் அவர்களுட் பலர் இந்நுரைப் பாதரட்சையையே விரும்பி அணிகின்றனர். பாதரட்சையினுள் புகுந்த சிறு கல்லோ முள்ளோ நாள் முழுதும் குத்தினும் அவர்கள் அறியார். வலி சொல்ல வேண்டிய செய்தியை அங்கே சில வேளைகளில் நாற்றமே சொல்கின்றது.

வியர்வையினால் வரும் நாற்றம் இரண்டு பாதரட்சைகளிலும் ஒத்திருக்கும். ஒன்று மட்டும் நாறி மற்றொன்று நாறாதிருப்பின், அல்லது நேற்றில்லாத அழுகல் நாற்றம் இன்று எழுந்தால், அப்பாதரட்சையைக் கழுவ எடுத்துச் செல்வதற்கு முன் அதன் உட்புறத்தைக் கையால் தடவிப் பாருங்கள். ஈரக்கறை உண்டா என்று நோக்குங்கள். விடுமுறைக்கு ஊர் செல்லும்பொழுது பாட்டனார் பாட்டியாரின் பாதரட்சைகளையும் இவ்வாறே பாருங்கள். அவர்களால் குனிந்து உள்ளங்காலைப் பார்த்தல் இயலாது. தரையில் ஒரு கண்ணாடியை வைத்து அதன்மேல் பாதத்தை உயர்த்திப் பிடிக்கச் சொன்னால், விரலடியும் குதிகாலும் தெளிவாகத் தெரியும். அங்கே கொப்புளமோ வெடிப்போ கருமையோ தென்பட்டால் அன்றைக்கே மருத்துவரிடம் அழைத்துச் செல்க.